வேலிப் பொட்டுக்குள்ளால்: கரவெட்டியில் ஒரு தைப்பொங்கல்

செவ்வாய்

கண்டியில் பிடித்த இரவு பஸ் ஆனையிறவுக்கு வரும்போது விடிந்துகொண்டிருந்தது. இரண்டு பக்கமும் தண்ணீர், அதற்கு அப்பால் தட்டையான வெளி. மலையகத்து அட்டன்காரனுக்கு மலை இல்லாத இடத்தில் கண்ணை எங்கே நிறுத்துவது என்று தெரியாது. பளைப் பக்கம் தென்னை, அதைத் தாண்டினால் பனை, பனை, பனை.

யாழ்ப்பாணத்தில் ஒரு பிளேன்ரீயும் வடையும். பிறகு பருத்தித்துறை பஸ். கோப்பாய், நீர்வேலி, புத்தூர் என்று போகிறது வீதி. சிவந்த மண், வாழை, வெங்காயப் பாத்தி, எல்லாவற்றுக்கும் நடுவில் ஒரு கிணறு. குடாநாட்டில் வருடம் முழுக்க ஓடுகிற ஆறு கிடையாது என்று வருடாவருடம் கரும்பலகையில் எழுதிப்போடுகிற புவியியல் வாத்தியார் நான். அப்படி ஒரு ஆறு இல்லாத இடத்தில் இவ்வளவு பச்சை எப்படி வந்தது என்று எந்தப் பிள்ளையும் என்னைக் கேட்டதில்லை, நல்லவேளை.

வல்லை வெளியில் காற்று பஸ்ஸையே தள்ளியது. ஒரு பையன் எதிர்காற்றில் பெடலில் எழுந்து நின்று சைக்கிள் மிதித்துக்கொண்டிருந்தான். கரவெட்டிக்குப் போக இறங்குகிற நெல்லியடியில் நண்பன் காத்திருந்தான். எங்கள் பள்ளிக்கூடத்தில் சில வருடம் படிப்பித்துவிட்டு மாற்றலாகி ஊரோடு வந்துவிட்டவன். நல்லூரும் கோட்டையும் பள்ளிச் சுற்றுலாவில் பார்த்தாயிற்று, இந்த முறை ஒரு ஊரில் பிள்ளைகள் எப்படி வளர்ந்தார்கள் என்று மட்டும் பார்க்கவேண்டும் என்று சொல்லியிருந்தேன்.

"அப்பிடியெண்டா என்னோடை திரிஞ்சு பிரயோசனமில்லை மச்சான். அம்மாவோடை இரு" என்றான்.

அவன் அம்மாவுக்கு எழுபத்தெட்டு வயது. இரவு இடியப்பமும் சொதியும் போட்டு, நான் கையால் மறைக்க மறைக்க இன்னும் போட்டார். வேறு எதுவும் எழுதத் தெம்பில்லை.

புதன்

வீட்டின் முன்பக்கம் சீமெந்து மதில், இரும்புக் கேற். வெளிநாட்டில் இருக்கும் தம்பி அனுப்பிய காசு. பின்பக்கம் மட்டும் பழைய வேலி மிச்சம் இருக்கிறது. காலையில் அம்மா என்னை அங்கேதான் கூட்டிக்கொண்டு போனார்.

யாழ்ப்பாணத்து வேலியைப் படத்தில் பார்த்தால் வெறும் ஓலைத்தட்டி போலத்தான் இருக்கும். கிட்ட நின்று பார்த்தால் அது உயிரோடு நிற்பது தெரியும். வரிசையாக ஊன்றியிருக்கும் கதியால்கள் எல்லாம் மரம்: கிளுவை, பூவரசு, இடையிடையே முள்முருக்கு. அந்த மரங்களுக்குக் குறுக்கே பனையோலையையோ தென்னங்கிடுகையோ வைத்துக் கட்டுகிறார்கள். குழை ஆட்டுக்குப் போகும், வெட்டிய கதியால் அடுத்த வேலிக்குப் போகும். உக்கிய ஓலை தோட்டத்து மண்ணுக்குள் பசளையாகப் போகும். பூவரசம் இலையைச் சுருட்டி ஊதினால் பீப்பீ. அம்மா ஒரு இலையைப் பறித்துச் சுருட்டி, நுனியை நசுக்கி ஊதிக் காட்டினார். சத்தம் வந்தது. எனக்குக் காற்றுத்தான் வந்தது.

மழை தொடங்குவதற்கு முன் வேலியடைப்பு. அதில் பிள்ளைகளுக்கென்று ஒரு வேலை இருந்தது. வேலியைக் கட்டக் குத்தூசி என்று நீளமான ஊசி ஒன்று உண்டு. அப்பா இந்தப் பக்கத்தில் நின்று கயிற்றோடு ஊசியை ஓலைக்குள் குத்துவார், அந்தப் பக்கத்தில் நிற்பவர் அதை வாங்கிக் கதியாலைச் சுற்றித் திருப்பிக் குத்தவேண்டும். அந்தப் பக்கம் என்றால் பக்கத்து வீட்டு வளவு. அங்கே போய் நிற்க வீட்டிலேயே சின்ன ஆளைத்தான் அனுப்புவார்கள். நாள் முழுக்க அங்கே நின்றால் பக்கத்து வீட்டுச் சாப்பாடு, பக்கத்து வீட்டுப் பிள்ளைகள், பக்கத்து வீட்டுக் கதை.

"கையிலை ஊசி ஏறாத வருசமில்லை. அழுதா அப்பு, 'குத்தினது நான், ஏன் நீ அழுறாய்' எண்டு கேப்பார்" என்று அம்மா சிரித்தார்.

வேலியின் அடியில் ஓரிடத்தில் ஓலை விலகி ஒரு ஓட்டை. நாயும் கோழியும் போய்வருகிற பொட்டு. அந்தப் பொட்டால்தான் இவரும் பக்கத்து வீட்டுச் சிநேகிதியும் போய்வந்தார்கள். வாசல் படலையால் போனால் ஒழுங்கையைச் சுற்றி நடக்கவேண்டும், வழியில் பெரியவர்கள் மறித்துப் படிப்பு விசாரிப்பார்கள். பொட்டால் குனிந்து போனால் நேராகக் குசினி வாசல். கறி கேட்டு, உப்பு கேட்டு, பூனைக்குட்டி பார்க்க, சண்டை பிடிக்க, பிடித்த சண்டையைத் தீர்க்க, எல்லாவற்றுக்கும் பொட்டு. வருடாவருடம் வேலி அடைக்கும்போது அப்பா அந்த இடத்தையும் சேர்த்து அடைத்துவிடுவார். ஒரு கிழமைக்குள் மறுபடி திறந்துவிடும். யார் திறந்தது என்று இரண்டு வீட்டிலும் கேட்பதில்லை.

இதே வேலிக்காகத்தான் கோட்டுக்குப் போய் வழக்காடியும் இருக்கிறார்கள். கதியால் இரவோடிரவாக அரையடி நகர்ந்துவிட்டதென்று பரம்பரையாக இழுபட்ட வழக்குகள் யாழ்ப்பாணத்தில் உண்டு. பெரியவர்கள் பேச்சுவார்த்தை இல்லாமல் இருந்த காலத்திலும் பொட்டு வேலை செய்தது என்கிறார் அம்மா.

கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் நான் மலையகத்தான், இன்னொன்றையும் கேட்டேன். எல்லாப் பக்கத்து வேலியிலும் பொட்டு இருந்ததா?

அம்மா கொஞ்ச நேரம் ஓலையைப் பிரித்துக்கொண்டு நின்றார். "தெற்கு வேலியிலை இல்லை தம்பி" என்றார். அந்தப் பக்கம் இருந்தவர்கள் மரம் ஏறிக் கள்ளிறக்குகிற, சாதியில் கீழே வைக்கப்பட்ட ஆட்கள். அவர்கள் வீட்டுப் பிள்ளையும் இவரும் ஒரே வகுப்பு. பள்ளிக்கூடத்தில் பேசுவார்கள், ஒழுங்கையில் சேர்ந்து நடப்பார்கள். வீட்டுக்கு வந்தால் அந்தப் பிள்ளை முற்றத்தோடு சரி. தண்ணீர் கேட்டால் கிணற்றில் கைவைக்க முடியாது, யாராவது அள்ளி ஊற்றும்வரை நிற்கவேண்டும், கையை ஏந்திக் குடிக்கவேண்டும். "எனக்கு அப்ப அது பிழையாத் தெரியேல்லை. அதைத்தான் இப்ப நினைக்கக் கூச்சமாக் கிடக்கு."

அப்படி ஒதுக்கப்பட்டவர்களை மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலுக்குள் போகவிடு என்று போராட்டம் நடந்தது 1968இல். அம்மா அப்போது கலியாணம் கட்டியாயிற்று. அவருடைய சின்ன வயது முழுக்க அதற்கு முந்தியது. எங்கள் தேயிலைத் தோட்டத்து வரிசை வீடான லயத்தில் சாதி இல்லை என்று சொல்ல நான் வரவில்லை, இருந்தது, இருக்கிறது. ஆனால் லயத்தில் ஒரு காம்பராவுக்கும் அடுத்த காம்பராவுக்கும் நடுவில் ஒரே சுவர். விடிந்ததும் பெரியவர்கள் வேலைக்குப் பெயர் கொடுக்கிற பெரட்டுக்குப் போய்விட்டால் வாசலில் எல்லாப் பிள்ளையும் ஒரே கூட்டம்தான். இங்கே யாரோடு விளையாடுவது என்பதை வேலி பாதி தீர்மானித்திருக்கிறது. கிராமத்துச் சிறுவயது என்று ஏங்கி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் பொட்டு இருந்த பக்கத்துக்காரர்கள்.

வியாழன், பொங்கல்

விடிவதற்கு முன்பே வெடிச்சத்தம். இங்கே பொங்கலுக்குத்தான் வெடி, தீபாவளிக்கு அவ்வளவு இல்லை. முற்றத்தைச் சாணியால் மெழுகி, உலக்கை வைத்து மாவால் சதுரமாகக் கோலம் போட்டு, நடுவில் மூன்று கல் அடுப்பு. பால் பொங்கியபோது நண்பனின் பதினொரு வயது மகள் சீனவெடிக் கட்டு ஒன்றைக் கொளுத்தி எறிந்துவிட்டு என் பின்னால் வந்து ஒளிந்தாள்.

பின்னேரம் வல்வெட்டித்துறை. பொங்கலன்று அங்கே பட்டப் போட்டி. கடற்கரை வீதி முழுக்கச் சனம். பாம்பு, கப்பல், பறவை, ஏதோ இயந்திரம் எல்லாம் வானத்தில். எப்படி ஏறியது என்று தெரியாத அளவு பெரிய பட்டங்களைப் பத்துப் பேர் பிடித்து ஓடினார்கள். கெட்டிக்காரத்தனம்தான். ஆனால் கழுத்து வலித்தது, ஒலிபெருக்கி காதைக் கிழித்தது. எனக்குப் பிடித்தது திரும்பி வரும் வழியில் வயல்வெளியில் பார்த்த பட்டங்கள்.

அங்கே மூன்று பொடியன்கள் ஒரு கொக்குப்பட்டத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்கள். நண்பன் மோட்டார்சைக்கிளை நிறுத்திவிட்டு இறங்கிவிட்டான். பட்டம் ஒரு பக்கம் சரிந்து குத்துகிறது என்றால் பிழை முச்சையில். பட்டத்தின் உடம்பில் கட்டி நடுவில் சேர்க்கிற அந்த நூல்களில் ஒன்று விரற்கடை கூடினாலும் பட்டம் சுழன்று விழும். அவன் முச்சையை அவிழ்த்து, பல்லில் பிடித்து, அளந்து, மறுபடி கட்டினான். அதிபரின் கூட்டத்தில்கூட அவனை இவ்வளவு கவனமாக நான் பார்த்ததில்லை. பட்டம் எழும்பியது. பொடியன்கள் நன்றி ஒன்றும் சொல்லவில்லை, நூலைப் பறித்துக்கொண்டார்கள்.

விண் பூட்டிய பட்டம் வேறு சங்கதி. பட்டத்தின் தலைப்பக்கத்தில் வில் மாதிரி ஒரு தடி, அதில் இழுத்துக் கட்டிய மெல்லிய நார். காற்றில் அது அதிர்ந்து கூவும். முன்பு பனை நார், இப்போது பெட்டி கட்டுகிற பிளாஸ்டிக் பட்டி. இரவில் கயிற்றைப் பனையிலோ வேறு மரத்திலோ கட்டிவிட்டு வந்து படுத்துவிடுவார்கள், விடிய விடியக் கூவும். அடுத்தடுத்த வீட்டு விண்களைச் சத்தத்தை வைத்தே அடையாளம் சொல்வார்களாம். நடுச்சாமத்தில் சத்தம் நின்றுவிட்டால் பட்டம் அறுந்துவிட்டது என்று அர்த்தம். படுக்கையிலிருந்து எழும்பி ரோச் லைற்றோடு ஓடவேண்டும்.

இதெல்லாம் வாடை அடிக்கும்வரைதான். ஐப்பசி, கார்த்திகை மழை ஓய்ந்து வடகிழக்கிலிருந்து ஒரே சீராகக் காற்று வருகிற இந்த மாதங்கள் போனால் பட்டமும் போச்சு. தென்மேற்கிலிருந்து சோளகக் காற்று தொடங்குகிற மாதத்தில் பட்டத்தோடு நிற்கிற பிள்ளையை மற்றப் பிள்ளைகள் பகிடி பண்ணும் என்கிறான். வகுப்பில் பருவக்காற்றுக்கு அம்புக்குறி போட்டுப் படிப்பிக்கிற எனக்கு இந்த ஊர்ப் பிள்ளைகளின் அறிவைப் பார்க்கப் பொறாமை.

வெள்ளி

பட்டிப்பொங்கல். மாட்டைக் குளிப்பாட்டிப் பொட்டு வைத்து மாலை போட்டார்கள். இந்த வீட்டில் இப்போது மாடு இல்லை, பக்கத்து வீட்டில் ஒன்று. அது மாலையைத் தின்றுவிட்டது.

மற்றப்படி இன்று முழுக்கக் கிணறு.

தோட்டக்கிணறு ஒன்றுக்கு நண்பன் கூட்டிப்போனான். பழைய துலா இப்போது இல்லை, அதைத் தாங்கிய தூண் மட்டும் நிற்கிறது. நண்பனின் மாமா, எண்பதைத் தாண்டியவர், அந்தத் தூணைப் பிடித்துக்கொண்டு எனக்கு விளங்கப்படுத்தினார். நீண்ட மரம் ஒன்று தூணின் மேல் ஏறி இறங்கும். ஒரு நுனியில் துலாக்கொடி, அதில் தண்ணீர் அள்ளுகிற பனையோலைப் பட்டை. கிணற்றுக் கட்டில் ஒருவர் நின்று பட்டையை வாங்கி வாய்க்காலில் ஊற்றுவார். மேலே துலாவில் ஒருவரோ இருவரோ கிணற்றை நோக்கி நடந்தால் பட்டை இறங்கும், திரும்பி நடந்தால் ஏறும். புகையிலைக்கும் மிளகாய்க்கும் இப்படித்தான் இறைப்பு. வெயிலுக்கு முன் முடிக்கவேண்டும் என்பதால் இருட்டோடு தொடங்கிவிடுவார்கள். எண்ணிக்கை தவறாமல் இருக்கப் பாட்டு.

பிள்ளைகளின் இடம் வாய்க்காலின் மறுமுனை. தண்ணீர் ஒரு பாத்தியில் நிரம்பியதும் வரம்பை வெட்டி அடுத்ததற்கு விடவேண்டும். மண்வெட்டி பாரம் என்றால் காலால் மண்ணைத் தள்ளி அடைக்கவேண்டும். தூங்கி விழுந்தால் ஒரு பாத்தி மூழ்கும், மற்றது காயும், கிணற்றடியிலிருந்து பேச்சு வரும்.

"விளையாட்டு எண்டு கேக்கிறீங்கள். எங்களுக்கு வாய்க்காலிலை காகிதக் கப்பல் விடுறதும் வேலைதான் தம்பி. தண்ணி வருதோ எண்டு பாக்கக் கப்பலை விடுவம். கப்பல் வந்தா வரம்பை வெட்டுறது. அது முடியத்தான் பள்ளிக்கூடம்."

மாமா சின்னப் பையனாக இருந்த காலத்தில், 1945இல்தான், அப்போதைய கல்வி அமைச்சர் கன்னங்கராவின் இலவசக் கல்வித் திட்டம் வந்தது. படிப்புக்குக் காசு கட்டத் தேவையில்லை, ஆனால் இறைப்புக்கு ஆள் தேவை. இவர் எட்டாம் வகுப்போடு நின்றவர். அண்ணன் படித்தார், கொழும்பில் உத்தியோகம் பார்த்தார். ஒருவர் படிக்க இன்னொருவர் தண்ணீர் கட்டியிருக்கிறார். இதைச் சொல்லும்போது அவர் குரலில் மனக்குறை இருந்ததா என்று எனக்குப் பிடிபடவில்லை.

மலையகத்தில் எங்கள் கையில் கொழுந்துக் கூடையைக் கொடுத்தார்கள், இவர்கள் கையில் மண்வெட்டியை. வித்தியாசம், அந்த மிளகாய் விற்ற காசு இவர்கள் வீட்டுக்கு வந்தது.

ஏன் இவ்வளவு பாடு என்றால் காரணம் நிலத்துக்கு அடியில். குடாநாடு முழுக்கச் சுண்ணாம்புக் கல். மழை ஓடாமல் கல்லுக்குள் இறங்கி, கீழே இருக்கும் உப்புத் தண்ணீருக்கு மேல் நல்ல தண்ணீராகத் தங்குகிறது. மெதுவாக அள்ளினால் மழை திரும்ப நிரப்பும். இழுத்து உறிஞ்சினால் உப்பு மேலே வரும். துலாவால் உறிஞ்ச முடியாது, மனிதன் களைத்துவிடுவான். இயந்திரம் களைக்காது. புத்தூருக்குக் கிட்ட நவக்கிரியில் இருக்கும் நிலாவரைக் கிணற்றுக்குப் பின்னேரம் போனோம், அங்கேயும் இதே கதை: மேலே நல்ல தண்ணீர், ஆழம் போகப் போக உப்பு. அதற்குள் எலுமிச்சம்பழம் போட்டால் கீரிமலையில் மிதக்கும் என்று ஊரில் எல்லோரும் சொல்கிறார்கள். போட்டுப் பார்த்த ஒருவரையும் நான் சந்திக்கவில்லை. நண்பனின் மகளிடம் கேட்டேன். "கீரிமலையிலை ஆர் மாமா நிண்டு பாக்கிறது?" என்றாள். விஞ்ஞான பாடத்தில் நல்ல புள்ளி எடுப்பாள் போல.

சனி

இன்று பனங்கிழங்கு. வளவின் மூலையில் மண்ணை உயர்த்திக் கட்டிய பாத்தி, அதில் ஆவணியில் அடுக்கி மூடிய பனங்கொட்டைகள். மார்கழி, தை என்றால் கிழங்கு பதம். மண்வெட்டியால் ஓரத்தைக் கிளறி இழுத்தால் ஒரு முழ நீளத்தில் வெள்ளைக் கிழங்கு வரும். உடைந்தால் அம்மா முறைப்பார், உடைந்ததை நல்லாய்க் காயவைக்க முடியாது. நான் சிலதை உடைத்தேன், முறைப்பு எனக்கும் கிடைத்தது.

கிழங்கு கிண்டும்போதுதான் இந்த ஊர்ப் பிள்ளைகளின் வருடம் எப்படி ஓடியது என்று எனக்குப் பிடிபட்டது. அம்மாவிடம் "அது எந்த மாசம், எத்தனை வயசு" என்று கேட்டால் மாதத்தைச் சொல்லமாட்டார், பனையில் அப்போது என்ன இருந்தது என்று சொல்வார். நுங்குக் காலம். பழம் விழுகிற காலம். கொட்டை தாட்ட பிறகு. கிழங்குக்கு முன்.

வைகாசி, ஆனியில் நுங்கு. குடித்த கோம்பை இரண்டை ஒரு தடியில் கோர்த்தால் வண்டில், கவர்த் தடியால் தள்ளிக்கொண்டு ஒழுங்கை முழுக்க ஓட்டம். அந்த வண்டில் சில நாளில் காய்ந்து சுருங்கிவிடும், அதனால் நுங்கு முடிந்ததும் வண்டிலும் முடிந்தது. ஆடி, ஆவணியில் பழம். இருட்டில் தொப்பென்று சத்தம் கேட்டால் எழும்பி ஓடவேண்டும், பிந்தினால் பக்கத்து வீட்டுப் பிள்ளையோ மாடோ முந்திவிடும். சுட்ட பனம்பழத்தைச் சூப்பினால் முகம் முழுக்க மஞ்சள் சாறு, பல்லிடுக்கெல்லாம் தும்பு. பள்ளிக்கூடத்தில் யார் காலையில் என்ன தின்றது என்று கேட்கத் தேவையில்லை. மிச்சப் பழத்தைப் பிசைந்து களியெடுத்துப் பாயில் ஊற்றிக் காயவைத்தால் பனாட்டு. காவல் பிள்ளைகளுக்கு, காகம் விரட்ட. காகத்தைவிடக் காவல்காரர் தின்றது கூட என்பது எல்லா வீட்டுக் கதையும்.

சூப்பிய கொட்டை குப்பைக்குப் போகாது. அம்மா வீட்டில் ஒவ்வொரு பிள்ளைக்கும் பாத்தியில் ஒரு பங்கு. தான் பொறுக்கிய கொட்டை தன் பக்கத்தில். இடையில் ஒரு நாள் களவாகத் தோண்டிக் கொட்டையைப் பிளந்தால் உள்ளே பூரான், பஞ்சு போல இனிப்பு. ஆனால் பூரான் தின்றவருக்கு அந்தக் கொட்டையில் கிழங்கு இல்லை. கிழங்கைக் கட்டுக்கட்டாக விற்ற காசு கோயில் திருவிழாவுக்கு: கச்சான், ஐஸ்பழம், தும்புமுட்டாஸ், பெட்டைகளுக்குக் காப்பு. அண்ணன் பூரானாகவே தின்று தீர்த்துவிட்டுத் திருவிழாவில் தங்கையிடம் கடன் கேட்டாராம். அந்த அண்ணன்தான் கொழும்பில் உத்தியோகம் பார்த்தவர். கணக்குப் பிரிவில்.

அவித்த கிழங்கை நெடுக்காகக் கிழித்து, நடுவில் இருக்கிற தும்பை உரித்து, இடித்த மிளகும் உப்பும் தொட்டுச் சாப்பிட்டோம். அவிக்காமல் பிளந்து காயவைத்தால் ஒடியல், அவித்துக் காயவைத்தால் புழுக்கொடியல். ஒடியல் மாவில்தான் கூழ். இரவு அம்மா கூழ் காய்ச்சினார், நண்டு, றால், மீன், பயிற்றங்காய், பலாக்கொட்டை எல்லாம் போட்டு. பலா இலையைக் கோலிக் குடித்தோம். உறைப்பில் எனக்குக் கண்ணீர் வந்தது, சின்னவள் எண்ணிக்கொண்டிருந்தாள் நான் எத்தனை தரம் மூக்கைத் துடைக்கிறேன் என்று.

கூழுக்குப் பிறகு விறாந்தையில் அம்மா கொக்கான் வெட்டிக் காட்டினார். சின்னக் கல் ஒன்றை மேலே எறிந்து, அது விழுவதற்குள் தரையில் கிடப்பதை அள்ளி, விழுவதையும் பிடிக்கவேண்டும். விரல் இப்போது மடங்காது, ஆனாலும் மூன்று கல் அள்ளினார். பேத்தி ஒன்று.

"இதிலை நான் கெட்டிக்காரி ஆனதுக்கு வேறை காரணம்" என்றார். பெரியபிள்ளை ஆனதும் வெளியில் விளையாட்டு நின்றுவிட்டது. பன்னிரண்டு வயது. அதுவரை கிளித்தட்டு விளையாட்டில் இவர் இல்லாமல் ஆட்டம் தொடங்காது. அன்றிலிருந்து பொட்டால் போவதும் இல்லை. தம்பிமார் வெளியில் கத்தி விளையாடுவது ஓலைக்கு இந்தப் பக்கம் கேட்கும். விறாந்தைக்குள் கொக்கான் மட்டும். "ஓலை காஞ்சா இடைவெளி விடும். அதுக்குள்ளாலை பாப்பன். ஆர் அடிபட்டது, ஆர் பிழையா விளையாடினது எல்லாம் எனக்குத் தெரியும். பின்னேரம் தம்பிக்குச் சொல்லிக் குடுப்பன்." அந்த வருடம் தம்பியின் கட்சிதான் வென்றதாம்.

"நாங்கள் சந்தோசமா இருந்தம் எண்டு மட்டும் எழுதிப்போடாதையும்" என்றும் சொன்னார். எழுதவில்லை அம்மா.

ஞாயிறு

இன்று இரவு பஸ். பகல் நண்பனோடு.

அவன் சிறுவயதைப் பற்றிப் பேசத் தயங்குவான். 1990இல் யுத்தத்தில் வடக்குக்கு மின்சாரம் நின்றது, அவனுக்கு அப்போது பத்து வயதுகூட இல்லை. மண்ணெண்ணெய் தடை, பற்றரி தடை. ஜாம் போத்தலுக்குள் பஞ்சு வைத்து, அது நனைய மட்டும் எண்ணெய் விட்டு, சின்னத் திரி. அந்த வெளிச்சத்தில் படித்துத்தான் இவர்கள் பரீட்சை எழுதினார்கள். சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில் வானொலி கேட்டார்கள். சுற்றுகிற வேலை வழக்கம்போலச் சின்ன ஆளுக்கு. செய்தி முக்கியமான இடத்துக்கு வரும்போது கை ஓய்ந்தால் வீட்டில் எல்லோரும் கத்துவார்கள். எங்கள் ஊருக்குக் கிட்ட, மின்சாரம் எடுக்கிற லக்சபானவில் தண்ணீர் விழுந்துகொண்டே இருந்த காலம் அது.

வளவில் பங்கர் வெட்டி மேலே பனங்குற்றி அடுக்கினார்கள். எத்தனையோ பனை அப்படிப் போனது. 1995 ஒக்டோபர் 30இல் சண்டைக்குப் பயந்து, யாழ்ப்பாண நகரம் இருக்கிற வலிகாமம் வெறுமையாகி இலட்சக்கணக்கான சனம் தென்மராட்சிப் பக்கம் நடந்தபோது, இந்த வீட்டுக்கும் தெரிந்தவர்கள் வந்து தங்கினார்கள். ஒரு வீட்டுக்குள் நாலு குடும்பம். "அந்த மாசங்களிலை கிளித்தட்டுக்கு ஆள் காணாது எண்ட பேச்சே இல்லை" என்றான். பொட்டு பற்றிக் கேட்டேன். குண்டு விழும்போது ஓடுவதற்கு வசதியாக எல்லா வேலியையும் ஆளுயரத்துக்குத் திறந்துவிட்டிருந்தார்களாம். தெற்கு வேலியையும்.

சண்டை முடிந்து காசு வந்ததும் முதலில் எழும்பியது மதில். இப்போது ஒழுங்கையில் நடந்தால் இரண்டு பக்கமும் சீமெந்து, நடுவில் நாங்கள். வேலியடைக்க ஆளும் இல்லை, ஓலையும் விலை, வருடாவருடம் செலவு என்கிறார்கள். நியாயம்தான். வெளியாள் வந்து நின்று ஓலை வேலி அழகு என்று சொல்வதற்காக அவர்கள் குத்தூசியோடு நிற்கவேண்டியதில்லை.

சின்னவளின் நாள் இப்படி: பள்ளிக்கூடம், ரியூசன், ரியூசன் வீட்டுப்பாடம், ஞாயிறு காலை அறநெறி வகுப்பு. இன்று பின்னேரம் ஒரு மணித்தியாலம் இடைவெளி கிடைத்தது. சனசமூக நிலையத்து மைதானத்தில் பொடியன்கள் கிரிக்கெற் விளையாடினார்கள், இவள் போய்ப் பேசி மைதானத்தின் மூலையைப் பிடித்தாள். தண்ணீர் ஊற்றிக் கோடு போட்டார்கள், நடுக்கோடு ஒன்று, குறுக்கே கோடுகள். குறுக்குக் கோட்டுக்கு ஒருவர் காவல், சுற்றுக்கோட்டிலும் நடுக்கோட்டிலும் ஓடித் திரிய ஒரு கிளி. மற்றவர்கள் அடிபடாமல் கடைசிப் பெட்டிவரை போய்த் திரும்பவேண்டும். ஆள் காணாமல் என்னையும் இழுத்தார்கள். இரண்டாவது கோட்டிலேயே கிளி என் முதுகில் அறைந்தது, அறைந்தது அவள்தான். அம்மா வந்து மதிலோரம் கதிரை போட்டு இருந்துகொண்டு, யார் கோட்டை விட்டு இறங்கினது என்று சத்தம் போட்டுத் தீர்ப்புச் சொன்னார். ஒரு பொடியன் எதிர்த்துப் பேசினான். "டேய், நான் உன்ரை கொப்பனுக்கும் இதைச் சொன்னனான்" என்றதும் வெளியே போனான்.

பைக்குள் புழுக்கொடியல் ஒரு சரை, பனாட்டு ஒரு துண்டு, தோட்டத்து வெங்காயம். புழுக்கொடியலை பஸ்ஸில் கடித்துப் பார்த்தேன். அதை இடித்து, தேங்காய்ப்பூவும் சீனியும் போட்டுச் சாப்பிடவேண்டும் என்று அம்மா சொல்லிவிட்டது வவுனியா தாண்டித்தான் ஞாபகம் வந்தது. அட்டனில் உரல் யாரிடம் இருக்கிறது என்று நாளைக்கு விசாரிக்கவேண்டும்.